நம்மூர் மையவாடிக்கு ‘கபுர் பிஜ்ஜு’ வந்ததா?



பதிவு கொஞ்சம் நீளம்தான். ஆனால் பத்து நாளாக ஊரில் எல்லார் வாயிலும் கிடக்கும் விசயம். அதனால் கடைசிவரை வாசியுங்கள். ஏசுவதாக இருந்தாலும் வாசித்துவிட்டு ஏசுங்கள்.

போன வியாழன் இஷாவுக்குப் பிறகு ஒரு வொய்ஸ் மெசேஜ் வந்தது. கூடவே ஒரு வீடியோ. வீடியோவில் யாரோ உருதுவில் பதறிக் கதைக்கிறார்கள். டோர்ச் வெளிச்சத்தில் மேலே வெள்ளை, கீழே கறுப்பாக ஒரு மிருகம் மண்ணைப் பிறாண்டுகிறது. வொய்ஸில் நம்மூர்க் குரல்: “இதுதான் கபுர் பிஜ்ஜு. மையத்தைத் தோண்டித் தின்னும். நம்மட மையவாடிக்கும் வந்துட்டு. போன கிழமை அடக்கின கபுரத் தோண்டியிருக்கு. எல்லாருக்கும் அனுப்புங்க.”

எல்லாரும் அனுப்பினோம். ஒரு மணித்தியாலத்துக்குள் எனக்கே ஐந்து குரூப்பில் வந்துவிட்டது.

மறுநாள் இரவு நம் பொடியன்மார் பொல்லும் டோர்ச்சுமாக மையவாடியைச் சுற்றி வளைத்தார்கள். பதினொரு மணி போல, மதிலோரத்து மாமரத்திலிருந்து இறங்கிய ஒரு மிருகத்தை அடித்தே கொன்றார்கள். “புடிச்சாச்சு” என்று போட்டோ வந்தது. அதற்குக் கீழே மாஷா அல்லாஹ், தம்ஸ் அப், கைதட்டு.

சனிக்கிழமை சுபஹுக்குப் பிறகு என்னிடம் படிக்கிற தரம் 10 மாணவன் ஒருவன் உரப்பையோடு வீட்டு வாசலில் நின்றான். “சேர், இது உண்மையிலயே பிஜ்ஜுதானா? எனக்கு டவுட்டா இருக்கு” என்றான். அந்தக் கூட்டத்தில் அவனும் நின்றவன். அடித்ததில் அவனுக்கும் பங்கு இருக்கிறது. ஆனாலும் சந்தேகம் வந்ததும் கேட்க வந்தானே, அதற்கு அவனை மெச்சுகிறேன்.

உரப்பைக்குள் இருந்தது ஒரு மரநாய். சிங்களத்தில் உகுடுவா என்பார்கள். நம் வீட்டு சீலிங்கில் இரவில் தடதடவென்று ஓடுமே, அதேதான். பெண் மரநாய். முலைகளில் பால் இருந்தது. குட்டிகள் எந்தக் கூரைக்குள் கிடந்தன என்று தேடிப் பார்த்தோம், கிடைக்கவில்லை.

வீடியோவில் இருந்த மிருகம் என்ன என்பதை முதலில் சொல்கிறேன். அது பொய்யான மிருகம் இல்லை. ஆங்கிலத்தில் ஹனி பேட்ஜர், தமிழில் தேன்வளைக்கரடி என்று எழுதுகிறார்கள். வட இந்தியாவிலும் பாகிஸ்தானிலும் பிஜ்ஜு என்பார்கள். ‘கபர் பிஜ்ஜு’ என்ற பெயரும் அங்கிருந்து வந்ததுதான். பெயரில் கரடி இருந்தாலும் அது கரடி இனம் இல்லை. நீர்நாயின் குடும்பம். அந்தக் குடும்பத்தில் இலங்கையில் இருப்பது நீர்நாய் ஒன்று மட்டும்தான். தேன்வளைக்கரடி ஆபிரிக்காவின் பெரும்பகுதியில், அரபு தேசத்தில், ஈரானில், பாகிஸ்தானில், நேபாளத்தில், தென்னிந்தியா உட்பட இந்தியாவின் பல பகுதிகளில் இருக்கிறது. இலங்கைக் காடுகளில் இல்லை. பாக்கு நீரிணையை நீந்திக் கடந்து நம்மூர் மையவாடியைத் தேடி வர அதற்கு ஒரு தேவையும் இல்லை.

வகுப்பில் இதைப் பற்றிச் சொன்னபோது பின் வாங்கில் தூங்கும் பிள்ளைகள்கூட நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். ஆகவே உங்களுக்கும் சொல்கிறேன்.

இது பெரிய மிருகம் இல்லை. தோள் உயரம் ஒரு அடிக்கும் குறைவு. ஆண் 9 முதல் 16 கிலோ வரை, பெண் அதைவிடச் சிறிது. காதுமடல் இருப்பதே தெரியாது. முன்னங்கால் நகங்கள் 4 சென்ரிமீற்றர் அளவுக்கு நீளும். காய்ந்த இறுகிய மண்ணையும் சில நிமிடங்களில் தோண்டி உள்ளே போய்விடும். கழுத்துப் பக்கத்துத் தோல் 6 மில்லிமீற்றர் அளவுக்குத் தடிப்பு. அதோடு அந்தத் தோல் உடம்போடு ஒட்டி இறுகியிருக்காது, அளவில்லாத சட்டை போட்டதுபோலத் தளர்வாக இருக்கும். சிறுத்தை பிடரியைக் கவ்வினாலும் தோலுக்குள்ளேயே உடம்பைத் திருப்பி, கவ்வியவனின் முகத்தைக் கடிக்கும். வாலடியில் ஒரு சுரப்பி, சகிக்க முடியாத நாற்றம்.

நாகபாம்பையும் பிடித்துத் தின்னும். பாம்பின் நஞ்சு நம் தசையில் இருக்கிற ஒரு வாங்கியில் போய், பூட்டில் சாவி மாட்டுவதுபோல மாட்டிக்கொள்ளும். பிறகு மூளை அனுப்புகிற கட்டளை தசைக்குப் போகாது, மூச்சு நின்றுவிடும். தேன்வளைக்கரடியில் அந்தப் பூட்டின் வடிவமே கொஞ்சம் மாறியிருக்கிறது, அதனால் நஞ்சு சரியாக மாட்டுவதில்லை. 2015இல் வெளியான ஓர் ஆய்வு இதைக் காட்டியது. நமக்குத் தெரிந்த கீரியிலும் இதே பூட்டு மாறியிருக்கிறது, ஆனால் வேறு விதமாக. படைத்தவன் ஒரே காரியத்துக்கு இரண்டு உயிருக்கும் இரண்டு வழி கொடுத்திருக்கிறான். சுப்ஹானல்லாஹ் என்று சொல்லவேண்டிய இடம் இது.

1990களின் பிற்பகுதியில் கீத் பெக், கொலீன் பெக் என்ற தம்பதியர் தென்னாபிரிக்காவின் கலஹாரிப் பகுதியில் வருடக்கணக்காக இந்த மிருகத்தின் பின்னால் நடந்து திரிந்து குறிப்பெடுத்தார்கள். எலி, பல்லி, பாம்பு, தேள், தேனீப் புழு என்று டசின் கணக்கான வகை இரையை அது தின்பதைப் பார்த்தார்கள். அநேகமாகத் தனியாகவே திரியும். ஒரு ஆணின் நடமாட்டப் பரப்பு 500 சதுர கிலோமீற்றருக்கு மேல். நம் கொழும்பு மாவட்டம் முழுவதும் 699தான். பெண் பெரும்பாலும் ஒரே ஒரு குட்டிதான் போடும். சில நாளைக்கு ஒருமுறை குட்டியை வாயில் கவ்விக்கொண்டு புது வளைக்கு மாற்றும். ஒரு வருடத்துக்கு மேல் கூடவே வைத்து வேட்டை பழக்கும். அப்படியிருந்தும் கிட்டத்தட்டப் பாதிக் குட்டிகள் பெரிதாக வளர்வதற்கு முன்பே செத்துப்போகின்றன.

இதன் புத்தியும் சாதாரணமில்லை. தென்னாபிரிக்காவில் மொஹொலொஹொலோ என்ற வனவிலங்கு மறுவாழ்வு நிலையத்தில் ஸ்டொஃபெல் என்று ஒன்றை வளர்த்தார்கள். சுவர் கட்டி அடைத்தார்கள். அது கல்லை அடுக்கி ஏறித் தப்பியது. கல்லை எடுத்தார்கள். மண்ணை உருண்டையாக உருட்டி அடுக்கி ஏறியது. மறந்து விட்டுப்போன மண்வாரியைச் சுவரில் சாய்த்து ஏறியது. தரம் 8 பொடியன்மார் பள்ளிக்கூட மதில் பாய்வதுபோலத்தான்.

இனி அந்தக் குற்றச்சாட்டுக்கு வருவோம். கபுரைத் தோண்டுமா?

ஆசிரியர் என்பதால் ஒரு பக்கத்தை மறைத்து மறுபக்கத்தை மட்டும் சொல்ல எனக்கு உரிமையில்லை. செத்த மிருகங்களின் இறைச்சியை அது தின்பதுண்டு. தோண்டுவதில் கெட்டிக்காரன் என்பதும் உண்மை. ஆழமில்லாமல் அடக்கி, மேலே சரியாக மூடாமல் விட்டால், நாயோ நரியோ தோண்டுவதுபோல அதுவும் தோண்டலாம். பிரித்தானியர் காலத்து இந்திய இயற்கை நூல்களிலும் இந்தக் குற்றச்சாட்டு பதிவாகியிருக்கிறது. ஆனால் ‘மையம் தின்பதற்கென்றே திரியும் மிருகம்’ என்பது கட்டுக்கதை. வருடக்கணக்காகப் பின்னால் நடந்தவர்கள் பார்த்தது எலியும் பல்லியும் பாம்பும்தான்.

இந்தக் கதை இதற்கு முன்னும் ஒரு முஸ்லிம் ஊரைக் கலக்கியிருக்கிறது. 2007ஆம் ஆண்டு, ஈராக்கின் பஸ்ரா நகரம். அப்போது அங்கே பிரித்தானியப் படை இருந்தது. மனிதனைத் தின்னும் பயங்கர மிருகம் இரவில் திரிகிறது, பிரித்தானியப் படைதான் அதைக் கொண்டுவந்து அவிழ்த்துவிட்டது என்று ஊரெல்லாம் கதை. அடித்துக் கொன்ற சிலவற்றை பஸ்ரா கால்நடை வைத்தியசாலையின் பணிப்பாளர் பார்த்தார். இது தேன்வளைக்கரடி, நம் பகுதியில் முன்பிருந்தே இருக்கிற மிருகம், படை கொண்டுவந்தது என்பது பிழை என்று விளக்கம் கொடுத்தார். சதுப்பு நிலங்களில் தண்ணீர் ஏறியதால் நகரத்துப் பக்கம் வந்திருக்கலாம் என்றும் சொல்லப்பட்டது. அந்த மக்களைக் குறை சொல்ல எனக்கு மனமில்லை. யுத்தத்தின் நடுவில் பயந்துபோய் இருந்தார்கள். பயந்த ஊரில் எந்தக் கதையும் நிற்கும்.

நாமும் பயந்த சமூகம்தான், அதை ஒத்துக்கொள்வோம். அதிலும் மையம், கபுர் என்றால் நமக்கு நெஞ்சு பதறுகிறது. கொரோனா காலத்தில் நம் ஜனாஸாக்களை எரித்தார்கள். அடக்கினால் நிலத்தடி நீருக்குக் கேடு என்று ஆதாரமில்லாமல் ஒரு கதை சொன்னார்கள். 2021இல் ஓட்டமாவடியில் அடக்க இடம் கிடைக்கும்வரை நாம் அழுத அழுகை நமக்குத்தான் தெரியும். அந்தக் காயம் இன்னும் ஆறவில்லை. ‘கபுருக்கு ஆபத்து’ என்று ஒரு வொய்ஸ் வந்ததும் யோசிக்காமல் அனுப்பியதற்குக் காரணம் அதுதான் என்று நினைக்கிறேன்.

ஆனால் அதே காரணத்துக்காகத்தான் நாம் மற்றவர்களைவிடக் கவனமாக இருக்கவேண்டும். 2018 பெப்ரவரி அம்பாறை நினைவிருக்கிறதா? சாப்பாட்டுக் கடையில் கறிக்குள் ஒரு கட்டி. ‘மலட்டு மருந்து’ என்றான் ஒருவன். போனில் வீடியோ எடுத்தார்கள், பரப்பினார்கள். அன்றிரவே கடையையும் பள்ளிவாசலையும் தாக்கினார்கள். பிறகு அரச பகுப்பாய்வாளர் திணைக்களம் பரிசோதித்துச் சொன்னது, அது வெறும் மாவுக் கட்டி என்று. அதைக் கேட்க யாரும் கூடவில்லை. கட்டியைப் பார்த்தவன் அது என்னவென்று ஒரு நிமிடம் விசாரித்திருந்தால்?

நம் மாமரத்தடியில் நின்ற பொடியன்மாரும் அந்த ஒரு நிமிடத்தைத்தான் எடுக்கவில்லை. அம்பாறையில் நடந்தது பல மடங்கு பெரிய அநியாயம், இரண்டையும் ஒரே தராசில் வைக்கவில்லை. ஆனால் பாதை ஒன்றுதான். தெரியாத ஒன்று, அதற்கு ஒரு பெயர், ஒரு வீடியோ, ஒரு கூட்டம், கையில் பொல்லு.

சனிக்கிழமை அஸருக்குப் பிறகு நான் அந்தக் கபுரை நேரில் போய்ப் பார்த்தேன். மோதின் காக்காவும் வந்தார். கபுர் ஒரு பக்கம் பள்ளமாகத்தான் இருந்தது. ஆனால் மண்ணைப் பாருங்கள். தோண்டுகிற எந்த மிருகமும் மண்ணை வெளியே வாரி எறியும். குழிக்குப் பின்னால் குவியல் கிடக்கும், ஓரத்தில் நகக் கீறல் தெரியும். இங்கே வெளியில் ஒரு பிடி மண்கூட இல்லை. மண் உள்ளே இறங்கியிருந்தது. மீசான் கட்டையும் அந்தப் பக்கமாகச் சாய்ந்திருந்தது. மூன்று நாள் அடைமழை, நம் மண்ணோ மணல்.

மோதின் காக்கா சொன்னார்: “சேர், மழைக்குப் புதுக் கபுர் இறங்குறது புதினமா? வருசா வருசம் மண் போட்டு நிரப்புறதுதானே. என்னட்ட ஒருத்தரும் கேக்கல்லயே.”

முப்பது வருடமாக மையவாடியில் நிற்கிற மனிதர். அவரிடம் யாரும் கேட்கவில்லை. பக்கத்து ஆளைக் கேட்காமல், எந்த ஊர் என்றே தெரியாத உருது வீடியோவை நம்பினோம்.

இந்த இடத்தில் ஒரு ஆய்வைச் சொல்லவேண்டும். ஆபிரிக்காவில் தேன்காட்டி என்று ஒரு பறவை உண்டு. மனிதர்களைக் கூப்பிட்டுக்கொண்டு போய் தேன்கூட்டைக் காட்டும், இது நிரூபணமான விசயம். இதே பறவை தேன்வளைக்கரடியையும் கூட்டிப்போகும் என்று காலங்காலமாகப் புத்தகங்களில் எழுதிவந்தார்கள். ஆனால் உறுதியான ஆதாரம் கிடையாது. 2023இல் வெளியான ஆய்வுக்காக ஆராய்ச்சியாளர்கள் ஒன்பது ஆபிரிக்க நாடுகளில் ஏறத்தாழ 400 தேன் எடுப்பவர்களிடம் போய்க் கேட்டார்கள். ‘கண்ணால் பார்த்தீர்களா?’ என்பதுதான் கேள்வி. பெரும்பாலானவர்கள் இல்லை என்றார்கள். தன்சானியாவில் சில சமூகத்தவர்கள், விசேடமாக ஹட்சா மக்களில் பலர், பார்த்திருக்கிறோம் என்றார்கள். ஆகவே ஆராய்ச்சியாளர்கள் ‘பொய்’ என்றும் எழுதவில்லை, ‘உண்மை’ என்றும் முடிக்கவில்லை. சில இடங்களில் நடக்கலாம், எல்லா இடத்திலும் இல்லை என்ற அளவில் நிறுத்திக்கொண்டார்கள்.

ஒரு பறவையும் ஒரு மிருகமும் சேர்ந்து தேன் தின்றதா என்பதற்கே இவ்வளவு கவனம். நம்மூரில் ஒரு வீட்டாருடைய மையத்தைப் பற்றிய செய்திக்கு நாம் எடுத்த கவனம் எவ்வளவு? செய்தி வந்தால் தீர விசாரிக்கச் சொல்லி சூரா ஹுஜுராத் நமக்குக் கட்டளையிடுகிறது. ஒவ்வொரு ரமழானிலும் ஓதுகிறோம்.

அந்த வீட்டாரைப் பற்றிச் சொல்லாமல் இந்தப் பதிவை முடிக்க முடியாது. கணவரை அடக்கிவிட்டு அந்தத் தாய் இத்தாவில் இருக்கிறார். வெளியே போய் மையவாடியை எட்டிப் பார்க்க அவரால் முடியாது. அவருக்கு வந்து சேர்ந்தது அந்த வொய்ஸ் மட்டும்தான். இரண்டு இரவு அவர் கண்மூடவில்லை. கட்டாரில் இருக்கிற மகன், வாப்பாவின் முகத்தைக்கூடக் கடைசியாகப் பார்க்கக் கிடைக்காதவன், நடுச்சாமத்தில் எனக்குக் கோல் எடுத்து, “சேர், வாப்பாட கபுர நீங்க பாத்தீங்களா?” என்று அழுதான். அப்போது நான் பார்த்திருக்கவில்லை. “தெரியாது மகன், நாளைக்குப் போய்ப் பார்க்கிறேன்” என்று மட்டும்தான் சொல்ல முடிந்தது. அடுத்த நாள் போட்டோ எடுத்து அனுப்பினேன். மண் போட்டு நிரப்பிய பிறகு இன்னொன்றும் அனுப்பினேன்.

இதில் என் பங்கும் இருக்கிறது, மறைக்க மாட்டேன். வியாழன் இரவு அந்த வீடியோவைப் பார்த்ததுமே அது எந்த மிருகம் என்று எனக்குத் தெரிந்தது. இலங்கையில் இல்லாத மிருகம் என்பதும் தெரியும். ‘இப்ப எதுக்கு வாயக் குடுத்து ஏச்சு வாங்குவான், நாளைக்குச் சொல்லுவம்’ என்று போனை வைத்துவிட்டுப் படுத்துவிட்டேன். இரண்டு வரி எழுதியிருந்தால் அந்த மரநாய் உயிரோடு இருந்திருக்கும். அந்தத் தாயும் தூங்கியிருப்பார். தெரிந்தவன் வாயை மூடிக்கொண்டால் தெரியாதவன் பேச்சுத்தான் ஊரில் எடுபடும்.

மரநாய் கபுரைத் தோண்டும் மிருகமே இல்லை. அது மரமேறி. பழம்தான் அதன் முக்கிய சாப்பாடு. எலி, பூச்சியும் பிடிக்கும். கித்துள் பாளையில் வடியும் இனிப்பு நீர் என்றால் உயிர். மதில் மேலே விதை விதையாக எச்சம் போட்டிருக்குமே, அந்த விதைகளில் பல முளைத்து மரமாகும். கோழிக்கூட்டைத் திறந்து வைத்தால் கைவைக்கும், கூரையில் கரைச்சல் கொடுக்கும், அதெல்லாம் உண்மை. கூட்டை ஒழுங்காகப் பூட்டலாம். ஓட்டுக்கு இடையில் இருக்கிற ஓட்டையை அடைக்கலாம். அடைப்பதற்கு முன் உள்ளே குட்டி இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். பூனையைக் கட்டிப்போட்டுப் பட்டினி போட்ட பெண்ணின் கதையை நம் பிள்ளைகளுக்கு மதரஸாவில் சொல்லிக்கொடுக்கிறோம். அதே பிள்ளைகளின் கையில் பொல்லைக் கொடுத்து அனுப்பியது யார்?

கடைசியாக நான் கேட்பது இவ்வளவுதான்.

குரூப் அட்மின்மாரே, ஊரின் பெயர் சொல்லி, இடம் சொல்லி ஒரு செய்தி வந்தால், அந்த இடத்தில் இருக்கிற ஒருவரிடம் கேட்காமல் அதை விடாதீர்கள். மையவாடி என்றால் மோதினிடம். மிருகம் என்றால் பள்ளிக்கூடத்தில் விஞ்ஞானம் படிப்பிக்கிறவரிடமோ வனஜீவராசிகள் திணைக்களத்திடமோ.

பள்ளி நிருவாகிகளே, மழைக்கு முன் புதுக் கபுர்களுக்கு மேலதிக மண் போடவும், உடைந்த மதிலைக் கட்டவும் ஏற்பாடு செய்யுங்கள். தெருநாய் உள்ளே வருவதுதான் உண்மையான பிரச்சினை. பிஜ்ஜு இல்லை.

அந்த வொய்ஸ் போட்ட சகோதரரே, நீங்கள் கெட்ட எண்ணத்தில் செய்யவில்லை என்று எனக்குத் தெரியும். உங்கள் பெயரை நான் எங்கேயும் சொல்லமாட்டேன். ஆனால் அந்தத் தாயின் வீட்டு வாசலுக்கு ஒருமுறை போய், “உம்மா, நான் சொன்னது பிழை” என்று சொல்லிவிட்டு வாருங்கள். வொய்ஸ் ஐந்து குரூப்புக்குப் போனது. இந்த ஒரு சொல் ஒரு வீட்டுக்குப் போனால் போதும்.

மரநாயை அந்த மாணவனும் நானும் தோட்டத்து மூலையில் புதைத்தோம். நல்ல ஆழமாகத்தான் தோண்டினான். “சேர், நாய் தோண்டாதே?” என்று கேட்டுவிட்டு, மேலே இரண்டு கல்லும் வைத்தான்.

திங்கட்கிழமை வகுப்பில் அவனைத்தான் எழுப்பி, தேன்வளைக்கரடியையும் மரநாயையும் கரும்பலகையில் வரைந்து வித்தியாசம் சொல்லச் சொன்னேன். குட்டை வால், நீள வால். தோண்டுகிற நகம், ஏறுகிற நகம். சரியாகச் சொன்னான். இனி அவன் பிழையாக அடிக்கமாட்டான் என்று நம்புகிறேன்.

அறியாமல் செய்ததை அல்லாஹ் நம் எல்லாருக்கும் மன்னிப்பானாக.

(இந்தப் பதிவை அனுப்புவதாக இருந்தால் முழுவதும் வாசித்த பிறகு அனுப்புங்கள். பிழை ஏதும் இருந்தால் கொமண்ட்டில் சொல்லுங்கள், திருத்திக்கொள்கிறேன்.)